கற்பிக்கும் உரிமையும் காசும்

சென்ற ஆண்டு எம் பங்கின் திருவிழா அழைப்பிதழில் நன்கொடையாளர் ஒருவரின் பெயருக்கு முன்னால் ‘டாக்டர்’ என்று அச்சிட்டோம். தருமபுரி மாவட்டத்துச் சிற்றூர்களில் டாக்டர் என்றால் ஊசி போடுபவர்தாம். தேர்ப்பவனி நாளன்று, காய்ச்சல் கண்ட குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு ஒரு தாய் அவரைத் தேடி வந்துவிட்டார். அவரோ ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். அவருடைய தொண்டைப் பாராட்டி அயல்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்று முனைவர் பட்டம் வழங்கியதாம். பதிவுச் செலவுக்கென ஒரு தொகையை வாங்கிக்கொண்டதாம். அந்தப் பல்கலைக்கழகம் எங்கே இருக்கிறது என்று கேட்டேன். அவருக்கும் தெரியவில்லை.

‘டாக்டர்’ என்னும் இலத்தீன் சொல்லுக்குக் கற்பிப்பவர் என்பதே பொருள். மத்திய கால ஐரோப்பாவில் கற்பிப்பதற்கு உரிமம் வேண்டும். பேராலயப் பள்ளியின் பொறுப்பாளர் அதை வழங்குவார். அதற்குக் காசு கேட்கும் வழக்கம் விரைவிலேயே புகுந்துவிட்டது. 1179ஆம் ஆண்டு திருத்தந்தை 3ஆம் அலெக்சாந்தர் கூட்டிய மூன்றாம் இலாத்தரன் பொதுச்சங்கம் இதைத் தடுக்கத் தனி விதியே இயற்றியது. உரிமம் வழங்கப் பணம் பெறலாகாது. ‘இது பழைய வழக்கம்’ என்னும் சாக்கும் செல்லாது. தகுதியுள்ளவருக்கு உரிமம் மறுக்கவும் கூடாது. மீறுபவர் தம் திருச்சபை மானியத்தை இழப்பார். ஏழை மாணவர்க்கு இலவசமாகக் கற்பிக்க ஒவ்வொரு பேராலயமும் ஓர் ஆசிரியரைப் பேண வேண்டும் என்றும் அதே விதி பணித்தது.

விதி இருந்தது, வாணிபம் நிற்கவில்லை. பிற்காலத்தில் பேரரசரிடமும் திருத்தந்தையரிடமும் சிறப்புரிமை பெற்ற பிரபுக்கள் சிலர், பல்கலைக்கழக வாசலையே மிதிக்காதவர்களுக்கும் டாக்டர் பட்டம் அளித்தனர். அப்படிப் பெற்றவர்களை ‘முத்திரையோலை டாக்டர்கள்’ என்று கற்றோர் எள்ளினர்; பல்கலைக்கழகங்கள் அவர்களைத் தமக்கு இணையாக ஏற்க மறுத்தன. இவ்விற்பனைக்குத் திருச்சபையின் முத்திரையும் பயன்பட்டது என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை.

நம் நாட்டில் 1857ஆம் ஆண்டுச் சட்டங்கள் கல்கத்தா, பம்பாய், சென்னைப் பல்கலைக்கழகங்களுக்குப் பட்டம் வழங்கும் உரிமையைத் தந்தன. விடுதலைக்குப்பின் வந்த 1956ஆம் ஆண்டுப் பல்கலைக்கழக மானியக் குழுச் சட்டத்தின் 22ஆம் பிரிவு, சட்டத்தால் நிறுவப்பட்டதோ நிகர்நிலை பெற்றதோ அல்லாத எந்த நிறுவனமும் பட்டம் வழங்கலாகாது என்றது. மீறியவருக்கு அச்சட்டம் விதித்த அபராதம் ஆயிரம் ரூபாய்க்கு மேற்படாதது! ஒரே பட்டத்தின் விலை அதைப் பன்மடங்கு ஈடுகட்டிவிடுமே.

மானியக் குழுவின் பட்டியலில் இல்லாதவை எல்லாம் போலி என்று முடிவு கட்டுவதும் தவறு. குருக்கள் பெறும் இறையியல் பட்டங்கள் உரோமையின் அதிகாரம் பெற்ற பீடங்களிலிருந்து வருகின்றன. செராம்பூர்க் கல்லூரிக்கோ 1827இல் டென்மார்க்கு மன்னர் 6ஆம் பிரெடரிக் பட்டயம் அளித்தார். அதிகாரம் எங்கிருந்து வந்தது, தேர்ந்தவர் யார், தேர்வு நடந்ததா என்பவையே நாம் கேட்க வேண்டிய கேள்விகள்.

2023 பிப்ரவரி 26 அன்று சென்னை அண்ணா பல்கலைக்கழக அரங்கில், ‘சர்வதேச’ என்று தொடங்கும் பெயருடைய ஓர் அமைப்பு, ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் மேடையில் இருக்க, இசையமைப்பாளர் தேவா உள்ளிட்ட பலருக்குக் கௌரவ டாக்டர் பட்டம் வழங்கியது. நடிகர் வடிவேலுவுக்கு அது வீட்டுக்கே சென்றது. தனக்கும் விழாவுக்கும் தொடர்பில்லை என்று பல்கலைக்கழகம் காவல்துறையிடம் புகார் செய்தது. அமைப்பின் இயக்குநர் சில நாள்களில் கைதானார். பட்டம் பெற்றோர் நம்பியே வந்தனர். அரங்கம் உண்மையானது, நீதிபதியும் உண்மையானவர். போலி, மெய்யான சுவர்களுக்கு இடையில்தான் குடியேறுகிறது.

கல்லூரிப் பட்டம் எதுவும் பெறாத உ. வே. சாமிநாதையருக்குச் சென்னைப் பல்கலைக்கழகம் 1932இல் மதிப்புறு முனைவர் பட்டம் அளித்தது. அப்போது அவர் 77 வயதை எட்டியிருந்தார். ஊர் ஊராய் ஏடு தேடியலைந்த வாழ்வு அதற்குமுன் நடந்து முடிந்திருந்தது.

எம் ஆசிரியரும் சும்மா இருந்தவரல்லர். மாலை வேளைகளில் தம் வீட்டுத் திண்ணையில் பிள்ளைகளுக்குக் காசு வாங்காமல் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர். அவருடைய தாகம் எனக்குப் புரிகிறது. அதைக் காசாக்கியவர்கள்மீதுதான் சினம். ஆனால், அந்த எழுத்துகளை அச்சுக்கு அனுப்பியவன் நானே. நன்கொடை பெரிது, கேள்வி கேட்கக் கூச்சம்.

இவ்வாண்டு அழைப்பிதழ் அச்சகத்துக்குப் போக வேண்டிய நாள் நெருங்குகிறது. அவரிடம் இன்னும் பேசவில்லை.