ஊரைக் காத்த தொழில்

பிழைப்பைத் தேடிப் பிறந்த ஊரை விட்டுப் புறப்படுவது உலகெங்கும் உள்ள வழக்கம். தில்லியிலும் மும்பையிலும் கொல்கத்தாவிலும் வாழும் நமக்கு அதனை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டுவதில்லை. ஆனால், வேலையைத் தேடி மக்கள் போவானேன், மக்கள் இருக்கும் இடத்திற்கே வேலையைக் கொண்டுவந்தால் என்ன என்று எண்ணிய ஒருவரும் இருந்தார். அவர்தாம் பிரான்சு நாட்டு ஈவ் ரோஷே. தாவரங்களைக் கொண்டு அழகுப் பொருள்கள் செய்யும் தொழிலின் முன்னோடிகளுள் ஒருவராக அவரை உலகம் அறியும்.

பிரான்சின் மேற்குப் பகுதியான பிரித்தானியில், லா காசியி என்னும் சிற்றூரில் 1930-ஆம் ஆண்டு அவர் பிறந்தார். பதினான்காம் வயதிலேயே தந்தையை இழந்தார். இரண்டாம் உலகப் போருக்குப் பின் அவ்வூரின் இளைஞர் பலர் நகரங்களை நோக்கிச் சென்றனர். ஊர் மெல்லக் காலியாகிக்கொண்டிருந்தது.

நாட்டு வைத்தியம் அறிந்த ஒருவரிடமிருந்து ரோஷேக்கு ஒரு களிம்பின் செய்முறை கிடைத்தது. ஈரநிலங்களில் மஞ்சள் நிறமாகப் பூக்கும் ஃபிகேர் என்ற சிறு செடியே அதன் மூலப்பொருள். மூலநோய்க்கு அச்செடியைப் பயன்படுத்துவது அந்நாட்டுப் பழவழக்கம். தம் வீட்டுக் கூரையடி மச்சில் ரோஷே அக்களிம்பைத் தயாரிக்கத் தொடங்கினார். 1959-இல் நிறுவனம் உருப்பெற்றது. பிறகு முகப்பூச்சு முதலியனவும் செய்யப்பட்டன.

அக்காலத்தில் அழகுப் பொருள்கள் பெரும்பாலும் நகரத்துக் கடைகளில், வசதியுள்ளோர்க்கே எட்டும் விலையில் விற்றன. ரோஷே பத்திரிகையில் விளம்பரம் செய்து, குறைந்த விலையில் அஞ்சல் வழியே பொருள்களை அனுப்பினார். இதில் இருவகை நன்மை விளைந்தது. எளிய பெண்டிரும் அவற்றை வாங்க முடிந்தது. விற்பவரோ பாரிசுக்குக் குடிபெயர வேண்டியதில்லை. அஞ்சல் நிலையம் உள்ள ஊர் எதுவாயினும் போதுமாயிற்று.

1962-இல் ஊர் மக்கள் அவரை நகரத் தலைவராகத் தேர்ந்தெடுத்தனர். 2008 வரை, 46 ஆண்டுகள், அப்பதவியில் இருந்தார். 1969-இல் பாரிசில் முதற் கடை திறந்தபோதும், தொழிலின் வேர் லா காசியியை விட்டு அகலவில்லை. 1975-இல் அங்கே ஒரு தாவரத் தோட்டம் அமைந்தது. 1989-இல் தம் பொருள்களை விலங்குகள்மீது சோதிப்பதை நிறுவனம் கைவிட்டது. 2009-இல் ரோஷே மறைந்தார்.

செடியிலிருந்து வந்தது என்பதனாலேயே ஒன்று தீங்கற்றதாகிவிடாது. அந்த ஃபிகேர்ச் செடியின் பச்சைச் சாறே தோலை எரிக்கக்கூடியது. பக்குவம் அறிந்து கையாள வேண்டும். அவ்வாறே, ஒரே தொழிலை நம்பி வாழும் ஊர், அத்தொழில் தளர்ந்தால் தானும் தளரும். இவற்றையும் நாம் மறத்தலாகாது.

எனினும், ஒன்று சிந்திக்கத்தக்கது. மூலிகை அறிவு ரோஷேயின் ஊருக்கு மட்டும் உரியதன்று. சீயக்காயும் வெட்டிவேரும் கற்றாழையும் நம் பாட்டிமார் நன்கறிந்தவை. அறிவு ஊரில் இருந்தது; அதனை ஊரிலேயே தொழிலாக்கும் உறுதியைச் சேர்த்தவர் அவர். திங்கள்தோறும் ஊருக்குப் பணம் அனுப்பும் நாம், ஒரு தொழிலையும் அனுப்ப முடியுமா என்று ஒரு முறையேனும் எண்ணிப் பார்ப்போமாக.