குடியிருப்புக்கு முன்னால் அங்கே ஒரு நடனக்கூடம்



நியூயார்க்கில் ஹார்லெம் பகுதி, லெனாக்ஸ் அவென்யூ. அங்கே நம்முடையதைப் போல ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பு இருக்கிறது. அதற்கு முன் அந்த இடத்தில் என்ன இருந்தது தெரியுமா? 'சவாய்' நடனக்கூடம்.

1926-ல் திறந்தார்கள். இசைக்குழுக்களுக்கு இரண்டு மேடைகள். ஒன்று ஓய்ந்தால் மற்றது வாசிக்கும், ஆட்டம் நிற்காது. 'லிண்டி ஹாப்' என்ற ஜோடி நடனம் அங்கேதான் பேர் வாங்கியது.

அதே ஹார்லெமில் புகழ்பெற்ற காட்டன் கிளப்பில் கறுப்பர்கள் மேடையில் ஆடலாம், ரசிகராக உள்ளே உட்கார முடியாது. சவாயிலோ கறுப்பரும் வெள்ளையரும் ஒரே தளத்தில் கைகோத்து ஆடினார்கள். நன்றாக ஆடுகிறாரா என்பதைத்தான் பார்த்தார்கள்.

1943-ல் ஒழுக்கக்கேடு என்று சொல்லி அதிகாரிகள் சில மாதம் பூட்டினார்கள். இரு இனத்தவரும் ஜோடி சேர்ந்ததே உண்மைக் காரணம் என்று ஹார்லெமில் பலர் நம்பினார்கள். 1958-ல் நிரந்தரமாக மூடி, பிறகு இடித்து வீடுகள் கட்டினார்கள். 2002-ல்தான் அங்கே நினைவுப் பலகை வைத்தார்கள்.

வீடு அவசியம்தான். முகம் தெரியாத இருவர் பழகிக்கொள்ள ஓர் இடமும் அவசியம் இல்லையா? நம் சமூகக்கூடம் பூட்டியே கிடக்கிறது. சாவியை வாங்கித் திறப்போமே!