மூன்றாவது வயல்: இடைக்கால ஐரோப்பாவின் பட்டமும் கண்டுமுதலும்

இடைக்கால ஐரோப்பிய வேளாண்மையின் வளர்ச்சியைக் கருவிகளின் வழியே விளக்குவது வழக்கம். வரலாற்றாசிரியர் லின் வைட் 1962இல் வெளியிட்ட நூல், கனத்த கலப்பை, குதிரைக் கழுத்துப்பட்டை, மூன்று வயல் சுழற்சி ஆகியவற்றை இணைத்து அதை ஒரு வேளாண் புரட்சியாகவே காட்டியது. கண்டுமுதல் கணக்குகளையும் உண்டவர்களின் தட்டுகளையும் சேர்த்துப் பார்த்தால், அந்த முடிவை அப்படியே ஏற்க இயலவில்லை.

மத்தியதரைக் கடலோரத்தின் இலேசான மண்ணுக்கு, கீறிச் செல்லும் ஏரே போதும். வடக்கின் ஈரக் களிமண்ணைப் புரட்டக் கனத்த கலப்பையும் பல இணை எருதுகளும் தேவைப்பட்டன. தனிக் குடியானவரால் அத்தனை எருதுகளை வைத்திருக்க முடியாததால், பல குடும்பங்கள் ஏர் கூட்டி உழுதன.

பாரிசின் சென் ஜெர்மென் மடம் 9ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மடாதிபதி இர்மினோன் காலத்தில் எழுதிய நிலப்பதிவேடு மிக அரிய சான்று. குளிர்காலப் பட்டத்துக்கு எவ்வளவு, வசந்தப் பட்டத்துக்கு எவ்வளவு உழுது தரவேண்டும் என்று குடியானவரின் கடமையை அது தனித்தனியே குறிக்கிறது. இதுவே மூன்று வயல் சுழற்சியின் அடிப்படை: இலையுதிர் காலத்தில் கோதுமையும் ரையும். வசந்தத்தில் பார்லி, ஓட்ஸ், பட்டாணி, அவரை. மூன்றாம் பகுதி தரிசு. 600 ஏக்கரில், இரு வயல் முறைப்படி பாதியைத் தரிசாக விட்டால் விதைப்பது 300 ஏக்கர். மூன்றில் ஒன்றை விட்டால் 400 ஏக்கர். குளிர்காலப் பயிர் பொய்த்தாலும் வசந்தப் பயிர் கைகொடுக்கக்கூடும். ஓட்ஸ் குதிரைக்குத் தீனியாயிற்று. பயறு வகைகள் மண்ணுக்குத் தழைச்சத்தையும் ஏழைகளின் கஞ்சிக்குப் புரதத்தையும் தந்தன.

ஆனால் விளைச்சல் விகிதம் பெரிதாக உயரவில்லை. இங்கிலாந்தின் வின்செஸ்டர் ஆயர் பண்ணைகளுக்கு 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து கணக்குச் சுருள்கள் கிடைக்கின்றன. அவற்றில் கோதுமை விதைத்ததைப்போல் ஏறத்தாழ நான்கு மடங்குதான் விளைந்தது. ஓட்ஸ் அதனினும் குறைவு. கண்டுமுதலில் கால்பங்கு மறுபடி விதைக்கே போக, திருச்சபையின் தசமபாகமும் பிரபுவின் பங்கும் வேறு கழியவேண்டும். இவ்வளவு மெல்லிய இழையில் தொங்கிய வாழ்க்கை 1315இன் ஓயாத மழையில் அறுந்தது. வட ஐரோப்பாவெங்கும் பஞ்சம் பரவியது. அதன் காயம் ஆறுவதற்குள் கால்நடைக் கொள்ளைநோய் வந்து, உழவெருதுகளையும் கொண்டுபோயிற்று.

இங்கிலாந்தின் கிழக்கு நார்ஃபோக்கோ வேறு வழியில் சென்றது. அங்கே தரிசைக் குறைத்துப் பட்டாணியை விரிவாகப் பயிரிட்டு, எருவிட்டு, களையெடுத்து, விளைச்சலைக் கூட்டினார்கள். புதிய கருவி எதுவும் அதற்குக் காரணமில்லை. கூலி மலிவாகக் கிடைத்த ஏராளமான கைகளே காரணம்.

1348 முதல் பரவிய பெருங்கொள்ளைநோய் அந்தக் கைகளையே குறைத்தது. மக்கள்தொகையில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் மாண்டதாக ஆய்வாளர் கருதுகின்றனர். 1351இல் இங்கிலாந்து நாடாளுமன்றம் கூலியைச் சட்டத்தால் கட்டிப்போட முயன்றது. காலப்போக்கில் அது பலிக்கவில்லை. நார்ஃபோக்கின் செஜ்ஃபோர்டு பண்ணைக் கணக்கில், உழைப்பாளரின் மதிப்பு உயர்ந்த அந்த மாற்றம் உணவாகவே பதிவாகியிருக்கிறது: 1256இல் அறுவடையாட்களுக்குப் பெரும்பாலும் பார்லி ரொட்டி, இறைச்சி அற்பம், 1424இல் கோதுமை ரொட்டி, தாராளமான பார்லி மது, நிறைய இறைச்சி.