பாலித் தீவின் மூலிகை மருத்துவமும் கிராமச் சமையலும்

இந்தோனேசியாவின் பாலித் தீவில் வழிவழியாக வரும் மருத்துவ முறை 'உசதா' எனப்படும். குழம்புக்கு அரைக்கும் மசாலாவும் மருந்துக்கு அரைக்கும் விழுதும் அங்கே பெரும்பாலும் ஒரே கிழங்குகளிலிருந்து பிறக்கின்றன. மஞ்சள், இஞ்சி, அரத்தை, கச்சோலம் ஆகிய நான்கும் இரண்டு துறைக்கும் பொது. வீட்டுச் சமையற்கட்டையும் கொல்லைப்புற மூலிகைகளையும் வெளிநாட்டுப் பயணிகளுக்கு அரை நாளில் காட்டி, சமைக்கச் சொல்லிக்கொடுத்து, உணவும் பரிமாறி அனுப்பும் நிகழ்ச்சிகள் இப்போது தீவின் பல கிராமங்களில் நடக்கின்றன. பாலி மருத்துவத்தை வெளிநாட்டவர் அறிந்துகொள்ளும் வழிகளுள் இவையும் ஒன்று.

சுவடிகள்

உசதா நூல்கள் 'லொந்தார்' எனப்படும் பனையோலைச் சுவடிகளில் உள்ளன. பதப்படுத்திய ஓலையில் 'பெங்ருபாக்' என்னும் சிறு கத்தியால் எழுத்துகளைக் கீறி, அவற்றின் மேல் கெமிரிக் கொட்டையைச் சுட்ட கரியைத் தேய்த்துக் கருமை ஏற்றுவார்கள். தமிழகத்தில் நாட்டு அக்ரூட் எனப்படும் இதே கொட்டைதான் பாலிச் சமையலில் மசாலாவுக்குக் கொழுமை தருவது. நூல்களின் மொழி பாலி மொழியும் பழைய ஜாவா மொழியான காவியும் கலந்தது. மந்திரப் பகுதிகளில் சமஸ்கிருதம் மிகுதி.

ஒவ்வொரு நோய்த்தொகுதிக்கும் தனித்தனி நூல் உண்டு. குழந்தை நோய்களுக்கு உசதா ராரே, கண் நோய்க்கு உசதா நேத்ரா, மனநோய்க்கு உசதா பூடு, அம்மைக்கு உசதா கச்சாச்சார், தொழுநோய்க்கு உசதா இலா. இவற்றுள் பெயர்பெற்றது உசதா தாரு பிரமாணா. நோயைவிட்டுத் தாவரத்திலிருந்து தொடங்கும் நூல் இது. முனிவர் எம்பு குத்துரான் கொடுத்த மருந்துகள் ஒரு காலத்தில் பலிக்காமல் போயின. அவர் சுடுகாட்டில் தவமிருந்தார். துர்க்கை தோன்றி, செடிகொடிகளோடு பேசும் ஆற்றலை அருளினாள் என்பது நூலின் முன்கதை. அதன்பின் மரங்களும் செடிகளும் வரிசையாக முன்வந்து தம் பெயரைச் சொல்கின்றன. தம் இலை என்ன தன்மை, வேர் என்ன தன்மை, பால் என்ன தன்மை, எந்த நோய்க்கு எதைச் சேர்த்து எப்படிக் கொடுக்க வேண்டும் என்று தாமே விளக்குகின்றன. நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட தாவரங்கள் இப்படிப் பேசுகின்றன. எம்பு குத்துரான் 11ஆம் நூற்றாண்டில் பாலியின் கோயில், கிராம அமைப்புகளை ஒழுங்குபடுத்தியவராக மரபில் போற்றப்படுபவர். நூலை அவர் தலையில் ஏற்றியது பிற்காலத்தவர் வேலையாகவே இருக்கும். செடியே தன் கூற்றாகப் பேசும் அமைப்பு, மனப்பாடம் செய்வோருக்கு வசதியாக ஏற்பட்டது என்று கொள்ளலாம்.

இச்சுவடிகளைக் கண்டவர்களும் படித்துவிட முடியாது. 'அஜா வேரா' என்னும் கட்டுப்பாடு, தகுதியற்றவர்களிடம் நூற்பொருளை வெளியிடுவதைத் தடுக்கிறது. படிக்கத் தொடங்குமுன் 'பவிந்தேனான்' என்னும் தீட்சைச் சடங்கு வேண்டும். 210 நாளுக்கு ஒருமுறை வரும் சரஸ்வதி நாளில் சுவடிகளுக்குப் படையல் வைப்பார்கள்.

நூலகத் தொகுப்பு டச்சு ஆட்சியில் தொடங்கியது. வடபாலியின் சிங்கராஜா நகரில் 1928இல் கெடோங் கீர்த்தியா சுவடி நூலகம் திறக்கப்பட்டது. பாலியில் வாழ்ந்து 1894இல் இறந்த மொழியறிஞர் வான் டெர் டூக்கின் பெயரும், நிர்வாகியாக இருந்த லீஃப்ரிங்கின் பெயரும் அதற்குச் சூட்டப்பட்டிருந்தன. அந்நூலகத்தின் பகுப்பில் உசதா நூல்கள், நாள் கணிப்பைச் சொல்லும் 'வாரிகா' பிரிவில் சோதிடச் சுவடிகளோடு வைக்கப்பட்டன. நாள் பார்த்துச் சிகிச்சை தொடங்கும் மரபுக்கு அது பொருந்தாத இடமல்ல. ஜெர்மானிய மருத்துவர் வோல்ஃப்காங் வெக் 1937இல் வெளியிட்ட நூல், பாலி மருத்துவத்தை ஐரோப்பிய மொழியில் விரிவாகச் சொன்ன தொடக்க ஆய்வுகளுள் ஒன்று.

உசதாவை ஆயுர்வேதத்தின் கிளை என்று எழுதுவோர் உண்டு. ஐம்பூதக் கொள்கையும் சமஸ்கிருதப் பெயர்களும் அவர்களுக்குச் சான்று. ஆனால் மூலிகையை மென்று உடலில் உமிழும் முறை, ஆவேசம் வந்து நோய்க்காரணம் சொல்லும் மருத்துவர், மூதாதையர் கோபம் பற்றிய நம்பிக்கை ஆகியவை தீவின் சொந்தச் சரக்கு. நூல்நடையும் தத்துவமும் இந்தியாவிலிருந்து வந்தவை; மருத்துவம் உள்ளூரில் விளைந்தது.

குணமும் செய்முறையும்

நோயும் மருந்தும் சூடு, குளிர்ச்சி, நடுநிலை என மூன்றாகப் பகுக்கப்படும். சூட்டுக்கு அங்ஙெத், குளிர்ச்சிக்குத் தீஸ், நடுநிலைக்குத் துமெலாதா என்பவை வழக்குச் சொற்கள். இம்மூன்றுக்கும் முறையே பிரம்மா, விஷ்ணு, ஈஸ்வரர் உரிய தெய்வங்கள். சூட்டு நோய்க்குக் குளிர்ந்த மூலிகையும் குளிர்நோய்க்குச் சூட்டு மூலிகையும் கொடுப்பது பொதுவிதி. ஒரே மரத்தின் இலை குளிர்ச்சியாகவும் வேர் சூடாகவும் இருக்கக்கூடும் என்பதால், செடியின் பெயரை மட்டும் தெரிந்துகொண்டு மருந்து செய்ய இயலாது.

கொடுக்கும் முறைகளுக்கும் தனிப் பெயர்கள் இருக்கின்றன. குடிக்கும் சாறு லோலோ, உடலில் பூசும் விழுது போரே, மென்று உமிழ்வது சிம்பூ, மூக்கில் விடும் துளி தூத்து, புண்ணைக் கழுவும் நீர் செஸ், கட்டிவைப்பது தம்பெல். பச்சரிசியோடு கிராம்பு, சாதிக்காய், இஞ்சி, அரத்தை சேர்த்து அரைக்கும் சூட்டுப் போரே, நாள் முழுதும் சேற்று வயலில் நின்ற உழவர்கள் கால் குடைச்சலுக்குப் பூசிக்கொண்டது. இன்று உபுத் நகரின் உடல்பராமரிப்பு நிலையங்களில் அதையே நறுமணச் சிகிச்சையாகத் தருகிறார்கள். லோலோ வகைகளில் மஞ்சள் சாறு எங்கும் உண்டு. நம் தோட்டங்களில் செக்கூர்மானிஸ் என்றும் தவசிக்கீரை என்றும் வளரும் கீரையைப் பாலியில் 'காயு மானிஸ்' என்பர். அதன் சாறு பால் சுரப்புக்கும் தொண்டைக்கும் நல்லது எனக் கருதப்படுகிறது. பாங்லி மாவட்டத்தின் பெங்லிபுரான் கிராமம், புளிப்பான செம்செம் இலையில் செய்யும் லோலோவுக்குப் பெயர்போனது. கல்யாண முருங்கை இனத்தைச் சேர்ந்த தப்தப் மரத்துக்குக் 'காயு சக்தி' என்றே பெயர். காய்ச்சல் கண்ட குழந்தைக்கு அதன் இலையை அரைத்துப் பூசுவார்கள். மரஞ்செடிகளுக்கென்றே தும்பெக் வாரிகா என்னும் நாள் கலுங்கான் பண்டிகைக்கு 25 நாள் முன்னே வருகிறது; அன்று மரங்களுக்குக் கஞ்சி படைப்பது வழக்கம்.

மருத்துவர் 'பாலியான்' எனப்படுவார். சுவடி கற்றவர் பாலியான் உசதா. ஆவேசம் வந்து பேசுபவர் பாலியான் தக்சு. தெய்வம் தந்ததாகக் கருதப்படும் பொருளால் குணப்படுத்துபவர் பாலியான் கபிச்சான். தொழில் பார்த்தும் பிரிப்பார்கள்: பிரசவம் பார்ப்பவர், எலும்பு கட்டுபவர், உடம்பு பிடித்துவிடுபவர் எனப் பலர். மந்திரத்தால் தீங்கு செய்யும் 'இடப்பக்க'த்தவரும் உண்டென்ற நம்பிக்கையால், பாலியானிடம் மக்களுக்கு மரியாதையோடு சற்று அச்சமும் இருக்கும். கண்ணுக்குத் தெரியும் உலகம் செகாலா, தெரியாதது நிஸ்காலா. நோய் இரண்டிலிருந்தும் வரலாம். மருந்து முதலாவதற்கு மட்டுமே. மானிடவியலாளர் லிண்டா கோனரும், திமோதி ஆஷ், பாட்சி ஆஷ் இணையரும் 1970களின் பிற்பகுதியிலிருந்து ஜெரோ தப்பாக்கான் என்ற பெண் மருத்துவரைப் பற்றி எடுத்த ஆவணப்படங்கள் இத்துறையில் முதன்மையானவை.

சமையல்

பாலி வீட்டு வளவில் சமையற்கட்டு (பாவோன்) தென்புறம் அமையும். நெருப்புக்குரிய பிரம்மாவின் திசை தெற்கு. சமையல் காலையிலேயே முடிந்துவிடும். யாரும் உண்ணுமுன் வாழையிலைத் துண்டுகளில் சிறிது சோறு வைத்து அடுப்பு, தண்ணீர்ப் பானை, வாசல் முதலிய இடங்களில் படைப்பார்கள். இது சைபான் எனப்படும்.

அடிப்படை மசாலா பாசா கெனெப். வெங்காயம், பூண்டு, மிளகாய், மிளகு, திப்பிலி, கொத்தமல்லி விதை, கிராம்பு, சாதிக்காய், கெமிரி, எலுமிச்சைப்புல், இறால் விழுது ஆகியவற்றோடு முன்சொன்ன நான்கு கிழங்குகளும் சேரும். அந்நான்குக்கும் திசையும் தெய்வமும் உண்டு: அரத்தை தெற்கின் பிரம்மாவுக்கு, இஞ்சி வடக்கின் விஷ்ணுவுக்கு, கச்சோலம் கிழக்கின் ஈஸ்வரருக்கு, மஞ்சள் மேற்கின் மகாதேவருக்கு. மிளகாய் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தது. அதற்குமுன் காரத்துக்குத் திப்பிலியும் மிளகும் இஞ்சியுமே.

அன்றாடச் சமையல் பெண்களுடையது. சடங்குச் சமையல் ஆண்களுடையது. விழா நாளில் விடியுமுன் பஞ்சார் எனப்படும் ஊர்ப்பகுதியின் ஆண்கள் தத்தம் வெட்டுக்கத்தியோடு கூடி இறைச்சியும் மசாலாவும் கொத்துவது 'மெபாத்'. தர்ம சாருபான் என்னும் சுவடி இச்சமையலுக்கு விதி சொல்கிறது. கொத்திய இறைச்சி, துருவிய தேங்காய், பிஞ்சுப் பலா அல்லது பயற்றங்காய் சேர்ந்தது லாவார். ரத்தம் கலந்தால் சிவப்பு, கலக்காவிட்டால் வெள்ளை. வாத்துக்குள் மசாலாவை அடைத்து, பாக்கு மட்டையில் கட்டி, உமித் தணலில் மணிக்கணக்கில் புதைத்து எடுப்பது பெதுத்து. கரங்காசெம் பகுதியில் எட்டுப் பேர் ஒரே தட்டைச் சுற்றியமர்ந்து உண்ணும் மெகிபுங் வழக்கம் இன்றும் உண்டு.

பயணிகளுக்கான நிகழ்ச்சிகள்

தொடக்கத்தில் சொன்ன அரை நாள் நிகழ்ச்சிகள் உபுத் சுற்றுவட்டக் கிராமங்கள், சிடெமென், பெங்லிபுரான் முதலிய இடங்களில் நடைபெறுகின்றன. காலையில் சந்தை அல்லது வயல்வரப்பில் நடந்து மூலிகை அடையாளம் காணல், மசாலா அரைத்தல், அரைத்த இறைச்சியைக் குச்சியில் அப்பிச் சுடும் சத்தே லிலித், பச்சை வெங்காயமும் எலுமிச்சைப்புல்லும் நறுக்கிச் செய்யும் சம்பால் மாத்தா, காய்கறித் தேங்காய்க் கலவையான உராப் ஆகியவற்றைச் சமைத்தல், லோலோ பருகல், கையில் போரே பூசிப் பார்த்தல், பிறகு பகலுணவு என்பதே பொதுவான ஒழுங்கு. ஆண்கள் விடியலில் கொத்தும் சடங்குப் பண்டங்களை, பெண்கள் நடத்தும் பாவோனில் பகல்நேர வகுப்பாகக் காட்டுவது இங்குள்ள ஒரு முரண். சமையலும் மூலிகையும் காட்டப்படுகின்றன, நிஸ்காலா விடுபடுகிறது. அதை அரை நாளில் காட்டவும் முடியாது. லாவார் கற்பித்தால் பெரும்பாலும் கோழியிறைச்சியும் வெள்ளை வகையும்தான். பச்சைப் பன்றி ரத்தம் சேர்ந்த உணவால் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் சூயிஸ் கிருமி பரவி மூளையுறை அழற்சி வந்தவர்கள் பாலியில் பதிவாகியுள்ளனர். சுவைத்துப் பார்க்கத் தரும் லோலோ மருத்துவம் ஆகாது. கருவுற்றோரும் வேறு மருந்து உட்கொள்வோரும் முன்கூட்டிச் சொல்லிவிடுவது நல்லது.

அமெரிக்க எழுத்தாளர் எலிசபெத் கில்பர்ட் தம் பாலி அனுபவத்தையும் சேர்த்து எழுதிய 2006ஆம் ஆண்டு நூலும் 2010இல் வந்த அதன் திரைப்படமும் உபுத் பாலியான்களிடம் வெளிநாட்டவரைக் குவித்தன. தென்பசாரில் உள்ள இந்தோனேசிய இந்துப் பல்கலைக்கழகத்தில் ஆயுர்வேத உடல்நலப் படிப்பு இருக்கிறது. 2019இல் பாலி ஆளுநரின் 55ஆம் எண் ஆணை மரபுவழி உடல்நலச் சேவைக்கு விதிமுறை வகுத்தது. 2023இல் பெங்லிபுரான் ஐ.நா. சுற்றுலா அமைப்பின் சிறந்த சுற்றுலாக் கிராமங்களுள் ஒன்றாகத் தேர்வானது. அதே ஆண்டு யுனெஸ்கோ பட்டியலில் ஜாவாவின் ஜாமு பானப் பண்பாடு சேர்க்கப்பட்டது. உபுத் வகுப்புகளின் விளம்பரங்களில் லோலோவும் ஜாமு என்ற பெயரிலேயே இடம்பெறுகிறது.