உலகளந்த கோலும் நூறடிச் சங்கிலியும்

கோடு போட்டால் நிலம் அப்படியே ஆகிவிடுகிற மந்திரப் படங்கள் கற்பனை உலகக் கதைகளில் வருகின்றன. நாட்டின் அளவுக்கே ஒரு படம் வரைந்து, பிறகு அதை வெயிலிலும் மழையிலும் கிழியவிட்ட சாம்ராஜ்யத்தைப் பற்றி போர்ஹேஸ் ஒரே பத்தியில் எழுதி முடித்துவிட்டார். அவருடைய படம் நிலத்தை ஒன்றும் செய்வதில்லை. நிலத்தை ஏதாவது செய்துவிடுகிற படங்களைப் பற்றித்தான் எனக்கு அக்கறை. அதற்குக் கற்பனை உலகம் வேண்டியதில்லை. பரங்கிமலைக்கும் பெரும்பாக்கத்துக்கும் இடையில் கிடக்கிற ஏழரை மைல் போதும்.

தமிழில் அளத்தல் என்பது அவ்வளவு நிரபராதியான சொல் இல்லை. உலகை ஒருவன் அளந்தான். மூன்றாவது அடிக்கு இடமில்லாமல் போனபோது இன்னொருவன் தலையைக் கொடுத்துப் பாதாளம் போனான். சோழர்கள் தங்கள் நில அளவைக் கோலுக்கு இந்தக் கதையிலிருந்தே பேர் எடுத்தார்கள்: உலகளந்த கோல். ராஜராஜன் காலத்துக் கணக்கில் ஒரு வேலியின் 52,428,800,000-இல் ஒரு பங்கு வரை இறங்குகிறார்கள். அந்தத் துண்டில் ஒரு கடுகை வைக்க முடியாது. ஆனால் வரி வைக்க முடியும்.

செப்பேடுகளில் படம் கிடையாது. அரசனின் ஓலை வருகிறது. நாட்டார் எதிரெழுந்து போய்த் தொழுது வாங்கித் தலைமேல் வைத்துக்கொள்கிறார்கள். பிறகு தானமாகும் ஊரின் எல்லையை வலம் வருகிறார்கள். சோழர் காலத்தில் முன்னால் ஒரு பெண் யானை நடக்கிறது. நடந்த வழியில் கல்லும் கள்ளியும் நடப்படுகின்றன. நடந்தது முழுவதும் சொல்லாகிறது: இந்த வாய்க்காலுக்கு மேற்கு, அந்தக் குளக்கரைக்குத் தெற்கு என்று. நாகப்பட்டினத்துப் புத்த விகாரைக்கு ஆனைமங்கலத்தைக் கொடுத்த லெய்டன் செப்பேட்டில், அதன் 21 ஏடுகளில், எல்லை இப்படி நடந்துகொண்டே போகிறது. வாசிக்கிறவனுக்கே கால் வலிக்கிறது.

எல்லைக்குள் அடங்குவது எது என்று சொல்ல வேண்டிய இடத்தில் இந்த ஏடுகளில் ஒரு வாய்பாடு வருகிறது. உடும்பு ஓடுகிற, ஆமை தவழ்கிற நிலம் எல்லாம் என்கிறது. சாசன வாசகத்தில் இப்படி ஓர் உயிர் நடமாட்டம்! கவிதை எழுதுகிறவர்கள் கொஞ்சம் பொறாமைப்படலாம். விளையாத மேடும் ஈரம் வற்றாத சேறும் ஏட்டில் இடம்பெற்றுவிடுகின்றன. அவற்றுக்கு அடையாளம் அங்கே வாழ்கிற பிராணி.

இதைக் காட்டிப் பொற்காலம் பேச நான் தயாரில்லை. பல்லவர் ஏடுகளில் இன்னொரு வாய்பாடும் இருக்கிறது: முன்பெற்றாரை மாற்றி, குடி நீக்கி. ஆளையே எழுப்பினார்களா, அவன் உரிமையை மட்டும் எழுப்பினார்களா என்று வாதிக்கலாம். யானை நடந்து முடிந்தபோது அந்த நிலத்தில் யாரோ ஒருவன் முன்பு இருந்தவனாக ஆகிவிட்டிருந்தான் என்பது மட்டும் நிச்சயம்.

1802 ஏப்ரல் 10-ஆம் தேதி வில்லியம் லாம்டன் பரங்கிமலையருகே சமவெளியில் ஒரு நேர்கோட்டை அளக்கத் தொடங்கினார். திப்பு விழுந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. கோட்டின் தென்முனை பெரும்பாக்கம் குன்று. கருவி நூறடி எஃகுச் சங்கிலி. சீனச் சக்கரவர்த்திக்குப் பரிசாகக் கொண்டுபோகப்பட்ட சாமான்களில் ஒன்று, அங்கே விலைபோகாமல் கைமாறி இங்கே வந்து சேர்ந்தது. அதை மண்ணில் இழுக்கவில்லை. முக்காலிகள் மேல் மரத் தொட்டிகளில் கிடத்தி, வெயிலில் எஃகு எவ்வளவு நீள்கிறது என்று தெர்மாமீட்டரில் பார்த்துப் பார்த்து, ஏறத்தாழ நானூறு தடவை எடுத்து வைத்தார்கள். 40,006 அடி.

முக்கோணத்தின் ஒரு பக்கம் தெரிந்துவிட்டால், இரண்டு முனைகளிலிருந்தும் கோணம் பார்த்தால் போதும். மற்ற இரண்டு பக்கங்களும் காகிதத்தில் பிறக்கும். அவற்றில் ஒன்று அடுத்த முக்கோணத்துக்கு ஆதாரம். இனி யாரும் நடக்க வேண்டியதில்லை, பார்த்தால் போதும். மந்திரம் என்று நான் சொல்வது இதைத்தான். அந்த முக்கோணங்கள் வளர்ந்து இமயம் வரை போய் ஒரு சிகரத்துக்கு 29,002 அடி என்று உயரம் சொல்லின. நடுவில் 1808-இல் தஞ்சாவூரில் ஒரு விபத்து. சுற்றிலும் மலையில்லாத சமவெளி. அரை டன் எடையுள்ள தியோடலைட்டைப் பெரிய கோயில் மேல் ஏற்றினார்கள். கயிறு அறுந்தது. உலகளந்த கோல்காரன் கட்டிய சுவரில் கருவி மோதி நசுங்கியது. லாம்டன் கூடாரத்துக்குள் புகுந்து ஆறு வாரம் தட்டிச் சரிசெய்தார்.

நியாயமாகச் சொன்னால் லாம்டன் எவன் வயலையும் அளக்கவில்லை. அவருக்குப் பூமியின் வடிவம் தேவைப்பட்டது. வயலைத் துண்டுபோட்டு எண் கொடுத்தது பிற்பாடு வந்த வருவாய்க் கணக்கு. அந்தக் கணக்கில், லாம்டன் கோட்டுக்குக் கிழக்கே பரந்துகிடந்த பள்ளிக்கரணைச் சதுப்பு, கழுவெளி என்றும் தரிசு என்றும் பதிவானது. ஆமைக்கு எண் இல்லை. தரிசு என்று எழுதியபின் அதைத் தரிசாக்கும் வேலைதான் பாக்கி. குப்பை வந்தது, சாலை வந்தது, அலுவலகக் கண்ணாடி மாளிகைகள் வந்தன. ஆயிரக்கணக்கான ஹெக்டேராக இருந்தது சில நூறாயிற்று. 2022-இல் அதை ராம்சார் பட்டியலில் சேர்த்தார்கள். இன்னொரு படம், இன்னொரு எல்லை.

2015 டிசம்பரில் முடிச்சூரிலும் வரதராஜபுரத்திலும் அடையாறு வீட்டுக்குள் வந்தது. அது பட்டா பார்க்கவில்லை. வடிந்தபின் ஆற்றோரக் குடிசைக்காரர்கள் ஆக்கிரமிப்பாளர்கள் என்று பதிவேட்டில் இருந்ததால் அவர்களை எழுப்பினார்கள். மறுகுடியமர்வு என்று இதற்கு அரசாங்கத் தமிழில் பேர். பலரை லாரிகளில் சாமான்களோடு ஏற்றிக் கொண்டுபோய் இறக்கிய இடம் பெரும்பாக்கம்: சதுப்பின் விளிம்பில், எட்டு மாடி வரிசைகளில், லாம்டனின் கோடு முடிகிற ஊரில்.