தைபர் கரையில் ஒரு தெரு

உரோமைக்குச் செல்லும் நம்மவர் பேராலயங்களை எண்ணிக்கொண்டு திரும்புவர். நாமோ உள்ளூர் வழிகாட்டி ஒருவரை நமக்கெனவே அமர்த்திக்கொண்டு, ஒரு காலைப்பொழுது முழுதும் பழைய யூதர் குடியிருப்பில் நடந்தோம்.

1555இல் திருத்தந்தை நான்காம் சின்னப்பரின் ஆணைமடலால் எழுந்த குடியிருப்பு இது. இரவில் மதிலின் வாயில்கள் பூட்டப்பட்டன. ஆடவர் மஞ்சள் தொப்பி அணிய வேண்டும். கட்டாய மறையுரைகளும் உண்டு. காதில் மெழுகை அடைத்துக்கொண்டே வந்தனராம்! ஒன்பதாம் பத்திநாதர் 1848இல் மதிலை இடித்தார். தடைகளோ 1870 வரை முற்றிலும் நீங்கவில்லை.

குடியிருப்பை நோக்கி நிற்கும் புனித கிரகோரியார் ஆலய முகப்பில் எசாயா நூலின் 65ஆம் அதிகாரத்து வாக்கு ஒன்று எபிரேயத்திலும் இலத்தீனிலும் பொறிக்கப்பட்டுள்ளது. முரண்டு பிடிக்கும் மக்களைக் கடிந்துரைக்கும் வாக்கு அது. திருத்தூதர் புனித சின்னப்பரும் இதே உரோமையருக்கு எழுதிய திருமுகத்தின் 10ஆம் அதிகாரத்தில் அதனை எடுத்தாள்கிறார். ஆனால் அடுத்த அதிகாரத்திலேயே, கடவுள் தம் மக்களைத் தள்ளிவிடவில்லை என்று அறுதியிட்டுரைக்கிறார். முகப்பில் எழுதுவித்தோர் அப்பக்கத்தைப் புரட்டவில்லை போலும்.

1943 அக்டோபர் 16 அன்று நாசிப் படையினர் இத்தெருக்களைச் சூழ்ந்தனர். அவுஷ்விட்சுக்கு அனுப்பப்பட்டோர் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர். மீண்டு வந்தோர் 16 பேர். வத்திக்கானிலிருந்து இவ்விடம் நடந்தே ஒரு மணி நேரத்திற்குள் வந்துவிடலாம். ஆயினும் 1986 ஏப்ரல் 13 அன்றுதான் திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் ஆற்றங்கரைத் தொழுகைக்கூடத்தினுள் அடியெடுத்து வைத்தார்.

வீட்டு வாயில்களின்முன் பதித்த சிறு பித்தளைக் கற்களில் மாண்டோரின் பெயர்கள் உள்ளன. வழிகாட்டி அவற்றை மிதியாது விலகி நடந்தார். நாமும் அவ்வாறே நடந்தோம்.