பினாங்கில் காணாமற்போன அரை மணி நேரம்



மாயாசாலக் கதைகளில் ஒரு நாழிகை உலகத்தின் கணக்கிலிருந்தே மறைந்துபோவதுண்டு. அத்தகைய கதைகளை நம் பிள்ளைகள் விரும்பிப் படிக்கின்றனர். “அப்படி ஒன்று நம் நாட்டிலேயே நடந்திருக்கிறது” என்று நான் வரலாற்று வகுப்பில் கூறினால் மட்டும் நம்ப மறுக்கின்றனர். அந்த உண்மை வரலாற்றை இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விழைகிறேன்.

1981ஆம் ஆண்டு டிசம்பர் 31, இரவு மணி 11.30. அடுத்த நொடியே தீபகற்ப மலேசியாவின் கடிகாரங்கள் 12.00 எனக் காட்டின, 1982 பிறந்துவிட்டது. ஆகவே, அன்றிரவு 11.45 மணிக்குப் பினாங்கில் எவரும் பிறக்கவில்லை, எவரும் இறக்கவுமில்லை. அப்படியொரு நேரமே அன்று இருக்கவில்லை. சபாவும் சரவாக்கும் தீபகற்பத்தைவிட அரை மணி முன்னதாக இருந்தன. நாடு முழுவதற்கும் ஒரே நேரம் வேண்டும் என்பதற்காகவே அரசு இம்மாற்றத்தைச் செய்தது. சிங்கப்பூரும் உடன் மாற்றிக்கொண்டது.

நம் கடிகாரம் நகர்த்தப்பட்டது அது முதன்முறையன்று. பினாங்கு ஏறத்தாழ 100 பாகை 20 கலை கிழக்கு நெடுங்கோட்டில் உள்ளது. பாகைக்கு 4 நிமிடம் எனக் கணக்கிட்டால், நம் சூரிய நேரம் கிரீன்விச் நேரத்தைவிட 6 மணி 41 நிமிடம் முந்தியது. 1905 சூன் 1 முதல் 7 மணி முந்திய பொது நேரம் நடப்புக்கு வந்தது. 1933 சனவரி 1இல் மேலும் 20 நிமிடங்களும், 1941 செப்டம்பர் 1இல் 10 நிமிடங்களும் கூட்டப்பட்டன. பிறகு வந்தது சப்பானியர் ஆட்சி. 1942இல் மலாயா தோக்கியோ நேரத்திற்கு மாற்றப்பட்டது. ஒரே தாவலில் 90 நிமிடங்கள் மறைந்தன. 1945 செப்டம்பரில் பிரிட்டிசார் திரும்பிய பின் அந்த 90 நிமிடங்கள் மட்டும் மீண்டும் கிடைத்தன. மற்றவற்றைக் கூட்டிப் பாருங்கள்: 20, 10, 30. ஆக மொத்தம் 60 நிமிடங்கள் திரும்பி வரவேயில்லை. கார்ன்வாலிஸ் கோட்டைக்கு அருகில் 1902இல் கட்டி முடிக்கப்பட்ட விக்டோரியா மகாராணியாரின் மணிக்கூண்டு இவை அனைத்தையும் பார்த்துக்கொண்டு நின்றது.

“நேரத்தைக்கூட ஆட்சியாளர் மாற்ற முடியுமா, ஆசிரியை?” என்று ஒரு மாணவி வினவினாள். இதைவிடச் சிறந்த வரலாற்று வினா வேறு உண்டோ! இலங்கையில் 1996 மே மாதம் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்தள்ளப்பட்டது. அக்டோபரில் அரை மணி குறைக்கப்பட்டது. 2006 ஏப்ரலில்தான் பழைய நேரம் திரும்பியது. அவ்வாண்டுகளில் வடக்கே புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் பழைய நேரமே வழங்கியது. ஒரே தீவில் இரு நேரங்கள்! நேரத்தை அறிவிப்பதும் ஆட்சியின் ஓர் அடையாளமே.

பெற்றோர்களே, இது வெறும் வேடிக்கைச் செய்தியன்று. பினாங்கில் இன்றும் சூரியன் ஏழு மணிக்குப் பிறகே எழுகிறது. நம் பிள்ளைகள் இருட்டில் பள்ளிக்குப் புறப்படுவதன் காரணம் இந்த வரலாற்றில்தான் இருக்கிறது. இன்னொன்றும் உண்டு. 1970களில் காலை 6.00 மணிக்குப் பிறந்தவரின் நேரம் இன்றைய கணக்கில் 6.30. சப்பானியர் காலத்தில் தோக்கியோ நேரப்படி 6.00 எனக் குறிக்கப்பட்டிருந்தால், அது இன்றைய கணக்கில் 5.00. இலக்கினம் ஏறத்தாழ இரண்டு மணி நேரத்திற்கு ஒருமுறை மாறுவது. எனவே, பழைய சாதகத்தை எடுத்துப் பொருத்தம் பார்ப்போர் எந்தக் கடிகாரத்தின் நேரம் அது என்று முதலில் உறுதிசெய்துகொள்வது நன்று.

ஆசிரியர்களுக்கு ஓர் எளிய நடவடிக்கை: பள்ளித் திடலில் ஒரு குச்சியை நட்டு, அதன் நிழல் மிகக் குறுகும் நேரத்தை மாணவர்களைக் குறித்துவரச் சொல்லுங்கள். பகல் 12 மணிக்கு அது நிகழாது, சுமார் 1.20 மணியளவில் நிகழும். நாளுக்கேற்பக் கால் மணி வரை முன்பின்னாகலாம். அந்த இடைவெளியைக் கண்ணாலேயே கண்ட பிள்ளை இப்பாடத்தை மறவாது.

இறுதியாக ஒன்று. மறைந்த அந்த அரை மணி நேரத்திற்கு நாள் உண்டு, சட்டம் உண்டு, சான்று உண்டு. ஆனால், கடிகாரங்கள் தோக்கியோ நேரம் காட்டிய அதே ஆண்டுகளில், நம் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்கள் 415 கிலோமீட்டர் நீளமான சயாம் மரண இரயில் பாதைப் பணிக்குக் கொண்டு செல்லப்பட்டனர். 1943 அக்டோபரில் பாதை இணைந்தது; பலர் வீடு திரும்பவேயில்லை. அவர்களுள் எத்தனையோ பேருக்குக் கல்லறையும் இல்லை, பெயர்ப் பட்டியலும் இல்லை. அழிந்த நிமிடங்களைக் கணக்குப் போட்டு மீட்டுவிடலாம். அழிந்த மனிதர்களை நினைவில் வைத்திருக்கும் முதியவர்களைக் கேட்டால்தான் மீட்க முடியும். அக்காலத்தில் பிறந்தவர்களே இன்று எண்பதைக் கடந்துவிட்டனர்.

ஆகவே, இந்தப் பள்ளி விடுமுறையில் உங்கள் வீட்டு முதியவர்களிடம் பிள்ளைகளை அமர வையுங்கள். அவர்கள் கேட்டறிந்த பெயர்களை, ஊர்களை, தோட்டங்களை ஒரு குறிப்பேட்டில் எழுதச் செய்யுங்கள். அதுவே வரலாற்றுப் பாடத்தின் முதல் ஏடாகட்டும்.